“நீங்கள்தானே எண்ணிக்கையை நிறுத்தியது?” – என்னிடம் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மலேசியாவில், பினாங்கு மாநிலத்தின் செபராங் பிறையில் ஒரு கட்சிக் கிளையில் ரொம்ப நாளாக வேலை செய்கிறேன். எந்தக் கட்சி என்பது தெரிந்தவர்களுக்குத் தெரியும், தெரியாதவர்களுக்கு இங்கே அது தேவைப்படாது. ஒரு தேர்தல் இரவில் வாக்கு எண்ணும் அறையில் நடந்த வாக்குவாதம் வாட்ஸ்அப்பில் சுற்றி, என் மேல் போலீஸ் ரெப்போர்ட் வரை போனது. அதற்கப்புறம் கோயில் திருவிழா, கல்யாண மண்டபம், மாமாக் கடை என்று எங்கே உட்கார்ந்தாலும் அதே கேள்விகள்தான். தே தாரிக் ஆறிப்போகும்வரை ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகச் சொல்லி முடியவில்லை, அதனால் எழுதிவிட்டேன். பள்ளிக்கூடத்தின் பெயர், தொகுதி, அறையில் இருந்தவர்கள் யார் யார் என்பதெல்லாம் இதில் இருக்காது. கேட்காதீர்கள்.

நீங்கள் தேர்தல் பார்வையாளரா, இல்லையா?

இல்லை. அந்த வீடியோவுக்குக் கீழே யாரோ “தேர்தல் பார்வையாளர் ரகளை” என்று போட்டுவிட்டார்கள், பாதிப் பிரச்சினை அங்கேதான் ஆரம்பித்தது. நான் போனது ஒரு வேட்பாளரின் முகவராக. நம்ம ஊரில் பாச்சா என்போமே, அதுதான். காலையில் வாக்களிப்பு அறையில் உட்கார்ந்து பெயரைச் சரிபார்க்கிறவர், சாயந்திரம் பெட்டி திறந்த பிறகு எண்ணிக்கையைப் பார்க்கிறவர். வேட்பாளர் தரப்பு கடிதம் கொடுத்து நியமிக்க வேண்டும், ரகசியம் காப்பேன் என்று உறுதிமொழியில் கையெழுத்துப் போட வேண்டும், ஒரு சாலுரானில், அதாவது ஒரு வாக்களிப்பு அறையில், ஒரு வேட்பாளருக்கு ஒரு நேரத்தில் ஒரு ஆள்தான் உட்காரலாம். முகவர் தன் வேட்பாளர் பக்கம் நிற்கிறவர், அதை யாரும் ஒளிப்பதில்லை. ஏதாவது சரியில்லை என்று பட்டால் அங்கேயே எதிர்ப்புச் சொல்ல அவருக்கு உரிமை இருக்கிறது.

பார்வையாளர் கதை வேறு. அவரை அங்கீகரித்து அட்டை கொடுப்பது தேர்தல் ஆணையம். அவர் எந்த வேட்பாளருக்கும் சொந்தமில்லை. பார்ப்பார், குறிப்பு எடுப்பார், பிறகு அவருடைய அமைப்பு அறிக்கை எழுதும். அறைக்குள் எழுந்து நின்று “இந்தச் சீட்டை ஏன் ஒதுக்குகிறீர்கள்” என்று கேட்கிற வேலை அவருடையது இல்லை. 2013 பொதுத் தேர்தலில் ஆணையம் சில உள்நாட்டு அமைப்புகளுக்கு இந்த அங்கீகாரத்தைக் கொடுத்தது. அவற்றில் ஒன்றான ஐடியாஸ் இன்னொரு ஆய்வு மையத்தோடு சேர்ந்து வெளியிட்ட அறிக்கை, அந்தத் தேர்தல் ஓரளவுக்குத்தான் சுதந்திரமானது, நியாயமானது அல்ல என்று எழுதியது. அங்கீகாரம் வாங்கிக்கொண்டு போனவர்களே அப்படி எழுதினார்கள் என்பதால்தான் அதற்கு அவ்வளவு மதிப்பு. அதையே நான் எழுதியிருந்தால் யார் படித்திருப்பார்கள்?

இது இரண்டும் இல்லாமல் மூன்றாவதாக ஒரு கூட்டம் உண்டு. நியாயமான தேர்தல் கேட்டுப் பேரணி நடத்துகிற பெர்சே அமைப்பின் பெமந்தாவ் தொண்டர்கள் மாதிரி பொதுமக்களே பார்த்துப் பதிவு செய்கிறவர்கள். கையில் ஆணையத்தின் அட்டை இல்லையென்றால் அவர்களுக்கு வாசலுக்கு வெளியேதான் இடம்.

கட்சிக்காரர் பார்வையாளராகவே முடியாதா?

ஒரு தடவை முயற்சி செய்தேன். ஓர் அமைப்பு பார்வையாளர் தொண்டர்களைச் சேர்க்கிறது என்று கேள்விப்பட்டுப் பெயர் கொடுத்தேன். கட்சி உறுப்பினரா என்று ஒரு கேள்வி இருந்தது. ஆமாம் என்று எழுதினேன், வேண்டாம் என்று சொல்லிவிட்டார்கள். அவர்கள் செய்தது சரி. சில கிளை நண்பர்கள், உறுப்பினர் அட்டையைப் பற்றிச் சொல்லாமல் விட்டிருக்கலாமே என்று இன்னும் சொல்கிறார்கள். அப்படிச் செய்து, நாளைக்கு ஒரு நல்ல அறிக்கை வந்து, எதிர்த்தரப்பு என் படத்தைக் கட்சி டீசட்டையோடு எடுத்துப் போட்டால், அந்த அமைப்பில் நேர்மையாக உழைத்த எல்லாருடைய வேலையும் அன்றைக்கே குப்பை. எனக்குக் கட்சி வேண்டும், அதனால் நான் முகவர்.

சரி, அன்று அறைக்குள் என்னதான் நடந்தது?

ஒரு வகுப்பறை. மேசைகளைச் சேர்த்துப் போட்டிருந்தார்கள், மின்விசிறியை நிறுத்திவிட்டார்கள், சீட்டு பறந்துவிடும் என்பதால். எண்ணும் நேரத்தில் முகவர்கள் சீட்டைத் தொடக்கூடாது. அதிகாரி ஒவ்வொன்றாக விரித்துத் தூக்கிக் காட்டுவார், எந்தப் பக்கம் போகிறது என்று நாம் நம்ம தாளில் கோடு போட்டுக்கொண்டே வர வேண்டும். சந்தேகமான சீட்டுகள் தனியாகப் போகும். ஒரே கட்டத்தில் இரண்டு கிறுக்கல், கோட்டின் மேலேயே ஒரு புள்ளி, ஒருவருக்குக் குறி போட்டு இன்னொருவர் பெயருக்குப் பக்கத்தில் மை பட்டது, இப்படி. இதையெல்லாம் கடைசியில் அந்த அறையின் தலைமை அதிகாரி, கேத்தியெம் என்போமே, அவர் பார்த்து முடிவு சொல்வார். வாக்காளர் யாருக்குப் போட நினைத்தார் என்பது தெளிவாக இருந்தால் ஏற்பார், தெளிவில்லை என்றால் தள்ளிவிடுவார். வாக்காளர் யார் என்று காட்டிக்கொடுக்கிற மாதிரி ஏதாவது எழுதியிருந்தாலும் செல்லாது. ஒரு பாட்டியோ தாத்தாவோ அன்பாகக் கையெழுத்தே போட்டுவிட்டுப் போயிருப்பார்கள், பாவம், அதெல்லாம் செல்லாத கட்டுக்குத்தான் போகும்.

அன்றைய சண்டை இந்தச் சந்தேகச் சீட்டுகளைப் பற்றியே இல்லை. எண்ணி முடித்ததும் மொத்தம் ஒத்து வரவில்லை. கொடுத்த சீட்டுகள் ஒரு கணக்கு, பெட்டியிலிருந்து வந்தவை அதைவிடக் குறைவு. பெரிய வித்தியாசம் கிடையாது. மணி ஏற்கெனவே ராத்திரி ஆகிவிட்டது, எல்லாருக்கும் களைப்பு, காலை விடியும் முன்பே வந்து உட்கார்ந்தவர்கள். யாரோ ஒருவர் சீட்டை வீட்டுக்குக் கொண்டுபோயிருப்பார், எழுதி முடித்துவிடலாம் என்றார் அந்த அதிகாரி. முகவர்கள் முதலில் கையெழுத்துப் போடுங்கள், எண்களை நான் நிரப்பிக் கொடுக்கிறேன் என்றும் சொன்னார். அங்கேதான் நான் முடியாது என்றேன். காலியான போராங் 14-இல், அதாவது எண்ணிக்கையை எழுதுகிற பாரம் 14-இல், கையெழுத்துப் போடமாட்டேன், முதலில் கட்டுகளை இன்னொரு முறை எண்ணுங்கள் என்று சொன்னேன். குரல் கொஞ்சம் உயர்ந்தது உண்மைதான். எதிர்த்தரப்பு முகவர், வயதில் என்னைவிடச் சின்னப் பையன், “அண்ணே, வீட்டுக்குப் போகணும் அண்ணே” என்றான். அவன் மேலும் கோபம் வரவில்லை, எனக்கும் போகத்தான் ஆசை.

மறுபடியும் எண்ணினார்கள். ஒரு கட்டில் ஒரு சீட்டுக்குள் இன்னொரு சீட்டு மடிந்து அப்படியே ஒட்டிக்கொண்டிருந்தது, பிரிக்காமல் ஒன்றாகவே எண்ணிவிட்டிருந்தார்கள். வித்தியாசம் முழுதும் சரியாகவில்லை, ஆனால் குறைந்தது. மீதி வித்தியாசத்தைப் பாரத்தில் அப்படியே எழுதச் சொன்னேன், எழுதினார். கையெழுத்துப் போட்டேன், பிரதி வாங்கினேன், கிளம்பினேன். நான் கேட்டதால் என் வேட்பாளருக்கு ஓட்டு கூடியதா என்றால், ஒட்டியிருந்த சீட்டு எதிர்த்தரப்புக்குப் போட்டது. வீடியோ எடுத்தவர் ஜன்னல் வழியாக நான் கை ஆட்டுவதை மட்டும் எடுத்திருந்தார், இது அதில் இல்லை.

ஒரு பாரத்துக்காக இவ்வளவு பிடிவாதமா?

ஆமாம், அந்த ஒரு பாரத்துக்குத்தான். ஒவ்வொரு சாலுரானிலும் எண்ணி முடித்ததும் எழுதுகிற கணக்கு அது. எத்தனை சீட்டு வந்தது, யாருக்கு எவ்வளவு, செல்லாதவை எத்தனை, எல்லாம் அதில் இருக்கும். பெட்டியும் சீட்டும் முத்திரை வைத்து மூடப்பட்ட பிறகு நம் கையில் மிஞ்சுவது இது ஒன்றுதான். அங்கிருந்து எண்கள் மொத்தக் கணக்கு மையத்துக்குப் போகும், அங்கே கூட்டி முடிவை அறிவிப்பார்கள். எல்லாச் சாலுரானின் பிரதியும் கட்சியின் பிலிக் கெராக்கானில், அதாவது தேர்தல் வேலை நடக்கிற அலுவலகத்தில், வந்து சேர்ந்துவிட்டால், அறிவிக்கிற எண்ணை ஒரு கால்குலேட்டரை வைத்துக்கொண்டே நாம் சரிபார்த்துவிடலாம். ஒரு சாலுரான் பிரதி வராவிட்டால் அந்த இடத்தில் ஓட்டை, அதற்குமேல் எவ்வளவு கத்தினாலும் ஆதாரம் கிடையாது. 2018 மே 9 இரவை நினைத்துப் பாருங்கள். அதிகாரிகள் சில இடங்களில் பாரம் 14-இல் கையெழுத்துப் போட மறுக்கிறார்கள் என்று மகாதீர் நள்ளிரவை ஒட்டி நிருபர்களிடம் சொல்லிக்கொண்டிருந்தார். நாட்டையே ஆண்ட கூட்டணி வீழ்ந்த ராத்திரியில், எதிரணித் தலைவரின் கவலை இந்தத் தாள்.

ஒன்று தெளிவாகச் சொல்லிவிடுகிறேன். நான் கையெழுத்துப் போடாமல் எழுந்து போயிருந்தாலும் முடிவு செல்லாமல் போயிருக்காது. முகவர் மறுத்தால் மறுத்தார் என்று குறித்துவிட்டு வேலை நடக்கும். ஆகவே “நான்தான் எண்ணிக்கையை நிறுத்தினேன்” என்பது என்னை ரொம்பப் பெரிய ஆளாக்குகிற பேச்சு.

போலீஸ் ரெப்போர்ட் என்ன ஆச்சு?

கூப்பிட்டார்கள், போனேன், வாக்குமூலம் கொடுத்தேன். கையில் பாரத்தின் பிரதியும் முகவர் நியமனக் கடிதமும் இருந்தன. அதற்குப் பிறகு எந்த அழைப்பும் இல்லை. ரெப்போர்ட் போட்டவரை அடுத்த வாரமே ஒரு சாவு வீட்டில் பார்த்தேன், இரண்டு பேரும் ஒரே மேசையில் காப்பி குடித்தோம்.

வாசலில் நின்று ஆட்களை நிறுத்தி ஐசி கேட்டதாகவும் சொல்கிறார்களே?

இல்லை. இதற்குக் கொஞ்சம் நீளமாகப் பதில் சொல்ல வேண்டியிருக்கிறது, ஏனென்றால் இதில் நம்ம ஆட்களுக்கே கெட்ட அனுபவம் உண்டு.

2013 தேர்தலுக்கு முன்னால் 40,000 பங்களாதேஷிகள் விமானத்தில் வந்து இறங்கி ஓட்டுப் போடப் போகிறார்கள் என்று ஒரு பேச்சு காட்டுத்தீயாகப் பரவியது. எந்த நீதிமன்றத்திலும் அது நிரூபிக்கப்படவில்லை. ஆனால் அந்தப் பேச்சின் சூட்டில், ஆளைப் பார்த்து “இவன் வெளிநாட்டுக்காரன்” என்று முடிவு கட்டுகிற பழக்கம் வந்துவிட்டது. நிறம் கொஞ்சம் கறுப்பாக, மலாய் கொஞ்சம் திக்கிப் பேசுகிற ஒருவர் வரிசையில் நின்றால் போதும். அவர் நிபோங் திபால் பக்கத் தோட்டத்தில் பிறந்து வளர்ந்த நம்ம மாமாவாக இருக்கலாம் என்று யோசிக்கிறதில்லை. வாசலில் நிறுத்தி அடையாள அட்டை கேட்கிற அதிகாரம் எந்தக் கட்சிக்காரனுக்கும் இல்லை, போலீசுக்குச் சொல்லலாம், அவ்வளவுதான். வாக்களிப்பு நாளில் மையத்திலிருந்து 50 மீட்டருக்குள் கூடி நிற்பதே குற்றம்.

சந்தேகத்தைச் சொல்ல இடம் உள்ளே இருக்கிறது. குமாஸ்தா வாக்காளர் பெயரையும் எண்ணையும் சத்தமாக வாசிப்பார், அதற்காகத்தான் வாசிக்கிறார், முகவர் காதில் விழ வேண்டும் என்று. நாம் நம்ம பட்டியலில் கோடு போடுவோம். அந்தப் பெயருக்கு உரிய ஆள் போன மாதம் காலமானார் என்று நமக்குத் தெரிந்தால், வந்தவர் அவர்தானா என்று உறுதிமொழி கேட்கும்படி அதிகாரியிடம் சொல்லலாம். அதற்குத் தொகுதி மக்களைத் தெரிந்த ஆள் முகவராக இருக்க வேண்டும். கோலாலம்பூரிலிருந்து பஸ்ஸில் கொண்டுவந்து இறக்கிய இளைஞர் படைக்கு எப்படித் தெரியும், தாமானில் யார் வீட்டில் துக்கம் என்று?

அப்படியானால் பேய் வாக்காளர் என்பது வெறும் கட்டுக்கதையா?

அதுவும் இல்லை. சபாவில் லிகாஸ் சட்டமன்றத் தொகுதியின் தேர்தலை 2001 ஜூனில் உயர்நீதிமன்றம் செல்லாது என்று தீர்ப்பளித்தது, காரணம் வாக்காளர் பட்டியலில் இருக்கக்கூடாத பெயர்கள். அதற்கு அடுத்த வருடம் தேர்தல் சட்டத்தில் 9ஏ என்று ஒரு பிரிவு வந்து சேர்ந்தது. பட்டியல் அரசிதழில் வெளியாகிவிட்டால் அதை எந்த நீதிமன்றத்திலும் கேள்வி கேட்க முடியாது. அதாவது, லிகாஸில் திறந்த கதவை மூடிவிட்டார்கள். இதைத் தெரிந்துகொண்டால் பட்டியல் பிரச்சினையைத் தேர்தல் நாளில் கிளப்புவதில் ஏன் பிரயோஜனம் இல்லை என்பது புரியும். பட்டியல் பார்வைக்கு வைக்கப்படுகிற சமயத்தில் ஆட்சேபணை கொடுக்க வேண்டும். அந்த நேரத்தில் கிளைக் கூட்டம் போட்டால் வருகிறவர்களை விரல் விட்டு எண்ணலாம். தேர்தல் இரவில் மட்டும் பந்தல் கொள்ளாத கூட்டம்.

என் ஓட்டு ஏன் இன்னும் பழைய தோட்டத்திலேயே இருக்கிறது? இது சதியா?

பெரும்பாலும் சதி இல்லை, முகவரி. 2021 டிசம்பர் 15 முதல் 18 வயதானவர்கள் தானாகப் பதிவாகிறார்கள், மைகார்டில், அதாவது அடையாள அட்டையில், உள்ள முகவரிதான் கணக்கு. தோட்டம் விற்கப்பட்டு, குடும்பம் பிறையிலோ புக்கிட் மெர்தாஜாமிலோ அடுக்குமாடிக்கு வந்து பல வருடமாகியும் அட்டையில் பழைய லயத்து முகவரியே இருக்கும். மாற்றினால் அது போய் வாக்காளர் பட்டியலில் தானாக உட்காராது. முதலில் தேசியப் பதிவிலாகாவில் அட்டை, அப்புறம் தேர்தல் ஆணையத்திடம் தொகுதி மாற்ற விண்ணப்பம். ஆணையத்தின் மைஎஸ்பிஆர் செமாக் தளத்தில் ஐசி எண்ணைப் போட்டுப் பார்த்தால் எந்த மையம், எந்தச் சாலுரான் என்று வந்துவிடும். நான் சந்திக்கிற புகார்களில் அதிகம் இதுதான், அதிகம் தீர்கிறதும் இதுதான், ஆனால் இதற்கு யாரும் வீடியோ எடுப்பதில்லை.

லைட் போச்சு, புதுப் பெட்டி வந்துச்சு என்கிறார்களே?

2013-இல் பெந்தோங் தொகுதியைப் பற்றி இதே கதைதான் ஓடியது. வித்தியாசம் 379 ஓட்டு, அதனால் கதை ஒட்டிக்கொண்டது. மின்சார வாரியம் மறுத்தது. நான் கதை சொல்கிறவர்களிடம் கேட்பது ஒன்றுதான்: எந்தச் சாலுரான், அந்தச் சாலுரானில் நம்ம முகவர் யார், அவர் கையில் உள்ள பாரம் 14-இல் என்ன எண்? லைட் போனாலும் பெட்டி வந்தாலும் அந்தத் தாளில் சீட்டுக் கணக்கு உதைக்கும். பதில் வராவிட்டால் நான் அடுத்த ஆளிடம் பேசப் போய்விடுவேன். அந்தத் தேர்தலில் கோபப்பட நியாயமான காரணம் வேறு இருந்தது. 47 விழுக்காடு ஓட்டு வாங்கிய அணிக்கு 222-இல் 133 இடம், 51 விழுக்காட்டை ஒட்டி வாங்கிய அணி எதிர்க்கட்சி வரிசையில். அது தொகுதி எல்லை போட்ட விதத்தால் வந்தது, இருட்டில் யாரும் எதையும் தூக்கிக்கொண்டு வர வேண்டியதே இல்லை. எல்லை மாற்றத்துக்கு எதிராக ஆட்சேபணை கொடுக்கத் தொகுதியில் 100 வாக்காளர்கள் சேர்ந்தால் போதும், விசாரணைக்கு உட்கார்ந்தே ஆக வேண்டும். பட்டப்பகலில் நடக்கிற அந்த வேலைக்கு ஆள் கிடைக்காமல் நான் பட்ட பாடு தனி.

கோயிலில் காசோலை கொடுக்கிறார்களே, அதைப் பற்றி ஏன் எதுவும் செய்வதில்லை?

செய்கிறோம், ஆனால் உங்களில் யாரும் சாட்சி சொல்ல வருவதில்லை! மேசை அளவுக்கு அட்டையில் பெரிய காசோலை, ஆலயத் தலைவர் ஒரு முனையைப் பிடித்திருப்பார், வேட்பாளருக்கு வேண்டியவர் மறுமுனையை, நடுவில் மாலை. பிரச்சாரக் காலத்தில் இது நடந்தால் புகார் எழுதத் தேவையானது தேதி, இடம், யார் கொடுத்தார், என்ன பேசினார் என்பது. “ஓட்டுப் போட்டால் கூரை போட்டுத் தருகிறோம்” என்று மைக்கில் சொன்னாரா இல்லையா என்பதுதான் முழு வழக்கும். கேட்டால், தம்பி, கோயில் காரியம், விடுங்கள் என்பார்கள். தமிழ்ப்பள்ளி மேலாளர் வாரியத்திலும் இதே பதில்.

இது சும்மா தர்ம நியாயம் பேசுவது அல்ல. கேமரன் மலையில் 2018-இல் மஇகா கட்சியின் சிவராஜ் 597 ஓட்டு வித்தியாசத்தில் வென்றார். ஜசெக கட்சியின் மனோகரன் வழக்குப் போட்டார், ஒராங் அஸ்லி என்கிற பூர்வகுடி வாக்காளர்களுக்குப் பணம் கொடுக்கப்பட்டது நிரூபணமாகி 2018 நவம்பர் 30-இல் அந்த வெற்றி ரத்தானது. கிராமத்து ஆட்கள் சாட்சிக் கூண்டில் ஏறி வாங்கினோம் என்று சொன்னதால் வந்த தீர்ப்பு அது. அடுத்த ஜனவரி 26-இல் இடைத்தேர்தல். அதில் மனோகரன் தோற்றார் என்பது வேறு கதை.

எங்கள் பக்கம் ஆட்சியில் இருந்தால் இந்தப் புகார் வாய்க்குள்ளேயே போய்விடுகிறது என்றும் கேட்கிறார்கள். நியாயமான கேள்வி. ஆட்சியில் யார் இருந்தாலும் இடைத்தேர்தல் வந்ததும் ரோடு போடுவதும் ஒதுக்கீடு அறிவிப்பதும் நடக்கிறது, எங்கள் தலைவர்களும் விதிவிலக்கு இல்லை. கிளைக் கூட்டத்தில் இதை எழுப்பினேன். “நீ யார் பக்கம்?” என்று கேட்டார்கள். அதை அப்படியே நிகழ்ச்சிக் குறிப்பில் எழுதச் சொன்னேன், செயலாளர் எழுதவில்லை.

கோர்ட்டுக்குப் போக வேண்டியதுதானே?

போகலாம், ஆனால் நேரம் கடிகாரம் மாதிரி ஓடும். கூட்டரசு அரசியலமைப்பின் 118-ஆவது விதிப்படி ஒரு தேர்தல் முடிவை எதிர்க்க ஒரே வழி உயர்நீதிமன்றத்தில் தேர்தல் மனு. முடிவு அரசிதழில் வெளியானதிலிருந்து 21 நாள். அதற்குள் லாயர் பிடிக்க வேண்டும், பணம் கட்ட வேண்டும், சாட்சிகளைத் திரட்ட வேண்டும். நடந்த தவறு முடிவையே பாதித்தது என்றும் காட்ட வேண்டும். சுங்கை பாக்காப் இடைத்தேர்தலில் 2024 ஜூலையில் பெரும்பான்மை 4,267. அந்த மாதிரி இடத்தில் இரண்டு சாலுரானில் பத்துச் சீட்டு இழுபறி என்று மனு போட்டால் நீதிபதி முகத்தைப் பார்க்கவே கூச்சமாக இருக்கும்.

ஜெயித்த மனுக்களில் எனக்கு எப்போதும் நினைவுக்கு வருவது ரந்தாவ். நெகிரி செம்பிலானில் 2018 வேட்புமனு நாளன்று பிகேஆர் கட்சியின் டாக்டர் ஸ்ரீராம் சின்னசாமி மையத்துக்குப் போனார். கையில் ஆணையத்தின் பாஸ் இல்லை என்று வாசலிலேயே நிறுத்திவிட்டார்கள், எதிர்த்தரப்பு முகமட் ஹசான் போட்டியின்றி வென்றார். அன்றைக்கு வாசலில் நின்று சாபம் விட்டுவிட்டு வீட்டுக்குப் போயிருந்தால் அத்தோடு முடிந்திருக்கும். அவர் மனு போட்டார். 2018 நவம்பர் 16-இல் தேர்தல் நீதிமன்றம் அந்த வெற்றியை ரத்து செய்தது, 2019 பிப்ரவரியில் கூட்டரசு நீதிமன்றமும் அதையே உறுதி செய்தது, ஏப்ரல் 13-இல் இடைத்தேர்தல் நடந்தது. அதிலும் முகமட் ஹசானே வென்றார், அதுவும் 4,510 ஓட்டு வித்தியாசத்தில். அப்படியானால் எதற்கு இத்தனை பாடு என்று சிலர் சிரிக்கிறார்கள். ரந்தாவ் மக்களுக்கு ஓட்டுப் போட ஒரு நாள் கிடைத்ததே, அதற்குத்தான்.

விரலில் வைக்கிற மை அழிந்துவிடுகிறதாமே?

2008-இல் வாங்கி வைத்த மையை வாக்களிப்புக்குச் சில நாள் இருக்கும்போது வேண்டாம் என்று ரத்து செய்தார்கள். 2013-இல் முதல் முறையாக வைத்தார்கள், கழுவினால் போகிறது என்று அன்றே ஊர் முழுக்கப் புகார். இப்போது பரவாயில்லை. என் வீட்டில் சாம்பார் பாத்திரம் கழுவியும் போகவில்லை.

உள்ளே போனில் வீடியோ எடுத்து வைத்தால் ஆதாரம்தானே?

உங்கள் மேலேயே கேஸ் வரும். வாக்களிக்கிற இடத்துக்குப் போன் கொண்டுபோகக் கூடாது, குறி போட்ட சீட்டைப் படம் எடுத்துப் போட்டால் ரகசிய வாக்கை மீறியதாகிவிடும். முகவருக்குப் பேனாவும் தாளும் போதும். மணி, சாலுரான் எண், யார் என்ன சொன்னார் என்பதை அந்த நிமிடமே எழுதுங்கள். வீட்டுக்குப் போய் நினைவிலிருந்து எழுதினால் கோபம் மட்டும்தான் வரும், நேரம் வராது.

நீங்கள் பெர்சே ஆளா?

பேரணிக்குப் போனவன், அமைப்பில் இல்லை. என் வயதுக்காரர்கள் பலருக்கும் ஆரம்பம் 2007 நவம்பர்தான். 10-ஆம் தேதி பெர்சே, 25-ஆம் தேதி இந்தியர் உரிமைக்காக ஹிண்ட்ராஃப் பேரணி. இரண்டாவதற்கு எங்கள் பக்கத்திலிருந்து பஸ் பஸ்ஸாகக் கோலாலம்பூருக்குப் போனார்கள். அப்புறம் 2011 ஜூலை 9, வழக்கறிஞர் அம்பிகா தலைமையில் பெர்சே 2.0. ஓர் இந்தியப் பெண் முன்னால் நிற்கிறாரே என்று எங்கள் வீட்டில் அரசியலே பேசாத அத்தைகூட டிவி முன்னால் உட்கார்ந்தார். தெருவில் நின்ற அந்தக் கூட்டத்தில் பாதிப் பேர் பிறகு வகுப்பறையில் முகவராக உட்கார வந்திருந்தால் நான் இப்போது இந்த வயதில் இரவு எண்ணிக்கைக்குப் போய்க்கொண்டிருக்க வேண்டியதில்லை.

எனக்கும் பாச்சா வேலை செய்ய ஆசை. என்ன வேண்டும்? காசு கொடுப்பார்களா?

உங்களுக்குப் பிடித்த வேட்பாளரின் பிலிக் கெராக்கானில் போய்ப் பெயர் கொடுங்கள், எந்தக் கட்சியானாலும் சரி, எதிர்த்தரப்பில் நல்ல முகவர் இருந்தால் எனக்கும் வேலை சுலபம். பயிற்சி ஒரு மாலை நேரம் பிடிக்கும், அதைத் தவறவிடாதீர்கள், பாரத்தின் மாதிரியைக் கையில் கொடுத்து நிரப்பச் சொல்வார்கள். மலாய் வாசிக்கத் தெரிய வேண்டும், அதிகாரியின் பேச்சும் பாரமும் அதில்தான். வேட்பாளருக்குத் தகுந்த மாதிரி செலவுக்கு ஏதோ கொடுப்பார்கள், சிலர் அதுவும் கொடுப்பதில்லை, பொட்டலம் நாசி லெமாக் நிச்சயம். காலையில் வாக்களிப்புக்கு உட்காருகிறவரையே இரவு எண்ணிக்கைக்கும் போடச் சொன்னால் ஒப்புக்கொள்ளாதீர்கள், களைத்தவர் கண்ணில் ஒட்டிய சீட்டு தெரியாது. பேனா இரண்டு எடுத்துப் போங்கள், ஒன்றை யாராவது கட்டாயம் இரவல் கேட்பார்கள். அப்புறம், எண்கள் நிரப்பாத பாரத்தில் கையெழுத்துப் போட யார் சொன்னாலும், உங்கள் சொந்த வேட்பாளரே வந்து சொன்னாலும், போடாதீர்கள்.